விதைநெல்லும் சோறும்

(பட்டிமன்றத் தலைப்பு: பழைய படச்சுருளுக்கு நாம் முதலில் செய்ய வேண்டியது காத்து வைப்பதா? எடுத்துக் காட்டுவதா? தூத்துக்குடி மேடையில் ‘காத்து வைப்பதே’ அணியில் பேசியது.)



எனக்கு முன்னால் பேசிய சகோதரி ஒரு போடு போட்டுவிட்டுப் போனாங்க. ‘‘நகையை வாங்கி பேங்க் லாக்கரில் வைத்துப் பூட்டினால் அது நகையா? கழுத்தில் போட்டால்தான் நகை. படச்சுருளைப் பெட்டியில் வைத்துப் பூட்டினால் அது படமா? திரையில் ஓட்டினால்தான் படம்’’ என்றார்கள். நீங்களும் கை தட்டினீர்கள். அதுவும் தாய்மார்கள் பக்கம் இருந்துதான் கைதட்டல் அதிகம். நகை என்றதும் தட்டாமல் இருக்க முடியுமா? (சிரிப்பு)

நடுவர் அவர்களே, அந்த உவமையே இந்தத் தலைப்புக்குப் பொருந்தாது. நகை, போட்டால் தேயாது. தேய்ந்தாலும் குன்றிமணி அளவுதான் தேயும். படச்சுருள் அப்படியில்லை. மிஷினில் ஒவ்வொரு தடவை ஓடும்போதும் கீறல் விழும், ஓரத் துளை கிழியும், கிழிந்த இடத்தை வெட்டி ஒட்டுவான். நாலு தடவை ஒட்டினால் கதாநாயகி கதவைத் திறக்கிறதும் தெரியாது, அழுகிறதும் தெரியாது, நேரே சுடுகாடுதான். (சிரிப்பு) பழைய டூரிங் டாக்கீஸில் படம் பார்த்தவர்களுக்குத் தெரியும்.

தாமிரபரணித் தண்ணீர் குடித்த ஊர் இது. விவசாயிக்கு ஒரு வார்த்தை சொன்னால் போதும். விதைநெல் வேறு, சோற்று நெல் வேறு. காமிராவுக்குள்ளே ஓடி வெளியே வருகிறதே மூலச்சுருள், நெகட்டிவ், அது விதைநெல். அதிலிருந்து எடுக்கிற பிரதி, அதுதான் சோறு. ஊருக்கெல்லாம் வடித்துப் போடுங்கள், யார் வேண்டாம் என்றது? ஆனால் பிள்ளை பசியில் அழுதாலும் விதைநெல்லில் கை வைக்காத தாய்மார் இருந்த ஊர் இது. அதைக் காத்து வை, அப்புறம் சமையலைப் பற்றிப் பேசு என்பதுதான் எங்கள் கட்சி.

ஏட்டுச்சுவடிக்கும் இதே கதைதான் நடந்தது. இதோ, பக்கத்தில் இருக்கிற ஆழ்வார்திருநகரிக்கு உ.வே.சாமிநாதையர் வந்தார். கவிராயர்கள் வீடு வீடாக ஏறி இறங்கிப் பத்துப்பாட்டு ஏடு தேடினார். 1889-ல் பத்துப்பாட்டை அச்சில் கொண்டு வந்தார். நான் வகுப்பில் நடத்துகிறேன், பையன்கள் தூங்குகிறார்கள், அது வேறு விஷயம். (சிரிப்பு) ஆனால் நான் நடத்துவதற்கு ஒரு பத்துப்பாட்டு இருக்கிறதே, அதற்கு யார் காரணம்? பாடினவர் ஒருத்தர், பதிப்பித்தவர் ஒருத்தர். நடுவில், பொருள் தெரியாவிட்டாலும் பரணில் கட்டி வைத்துக் கறையான் ஏறாமல் பார்த்துக்கொண்ட ஒரு கவிராயர் வீட்டு ஆச்சி இருந்தாளே, அவள் எங்கள் அணி!

இனி படத்துக்கே வருகிறேன். எதிரணித் தலைவர் ஏ.கே.செட்டியாரைத் தன் கட்சிக்குச் சாட்சியாகக் கூப்பிட்டார். பழைய படத் துண்டுகளைத் தேடி எடுத்து ஒட்டி, காந்தி மகானைப் பற்றி முழு நீளப் படமாகக் காட்டியவர் ஒரு தமிழர், ஆகவே எடுத்துக் காட்டுவதுதான் பெரிது என்று சொல்லிவிட்டு உட்கார்ந்துவிட்டார். பாதிக் கதைதான் சொன்னார். மீதியை நான் சொல்கிறேன், பொறுமையாகக் கேளுங்கள்.

செட்டிநாட்டுக் கோட்டையூர்க்காரர். 1911-ல் பிறந்தவர். ஜப்பானிலும் அமெரிக்காவிலும் போட்டோ பிடிக்கிற கலையைப் படித்தார். 1937-ம் வருஷம் அக்டோபர் 2-ம் தேதி, காந்தி பிறந்த நாளன்று, நியூயார்க்கிலிருந்து அயர்லாந்துக்குப் போகிற கப்பலில் இருக்கிறார். வயசு இருபத்தாறுகூட நிரம்பவில்லை. காந்தியைப் பற்றி ஒரு படம் எடுக்க வேண்டும் என்ற எண்ணம் அங்கேதான் உதிக்கிறது. நம்ம வீட்டுப் பையனுக்கு அந்த வயசில் என்ன எண்ணம் உதிக்கும் என்று நான் சொல்ல வேண்டியதில்லை. (சிரிப்பு)

அப்புறம் அவர் செய்த காரியம் என்ன? காந்தியை நடிக்க ஆள் தேடவில்லை. உலகம் முழுக்க யார் யார் காமிராவில் காந்தி விழுந்திருக்கிறாரோ, அவர்களையெல்லாம் தேடிப் புறப்பட்டார். ஐரோப்பா போனார், தென்னாப்பிரிக்கா போனார். முப்பது வருஷ காலத்தில் சுமார் நூறு காமிராக்காரர்கள் எடுத்து வைத்திருந்த படங்களிலிருந்து சுமார் 50,000 அடி சேர்த்தார். அடிக்கணக்கில் சொன்னால் துணிக்கடைக் கணக்கு மாதிரி இருக்கும், நேரக் கணக்கில் சொல்கிறேன். பேசும் படம் ஒரு நிமிஷத்துக்கு 90 அடி ஓடும். அப்படியானால் 50,000 அடி என்பது ஒன்பது மணி நேரத்துக்கு மேல். அதிலிருந்து சுமார் 12,000 அடி பொறுக்கி, இரண்டே கால் மணி நேரப் படமாக்கி, தமிழில் விளக்கவுரை சேர்த்து 1940 ஆகஸ்டில் சென்னையில் வெளியிட்டார். காந்தி உயிரோடு இருக்கும்போதே! ஆட்டன்பரோ எடுத்த ‘காந்தி’ வந்தது 1982-ல்.

இந்த இடத்தில் எதிரணித் தலைவரைப் பார்த்து ஒன்று கேட்கிறேன். செட்டியார் போய்க் கதவைத் தட்டினாரே, அந்த வீடுகளிலும் கம்பெனிகளிலும் ‘‘அதெல்லாம் பழசு, போன வருஷமே தூக்கிப் போட்டுட்டோம்’’ என்று சொல்லியிருந்தால் அவர் எதை எடுத்துக் காட்டியிருப்பார்? வெறும் கையையா? (கைதட்டல்) அந்த நூறு பேரில் கொஞ்சப் பேராவது காத்து வைத்தார்கள். அதனால்தான் இவர் எடுத்துக் காட்டினார்.

கதை இன்னும் முடியவில்லை. பெரிய வேதனையே இனிமேல்தான். அந்தப் படம் தெலுங்கில் போனது. சுதந்திரம் வந்த சமயத்தில் இந்தியில் டில்லியில் காட்டப்பட்டது. 1953-ல் அமெரிக்காவில் ஆங்கில உரையோடு புது வடிவம் எடுத்தது. நான்கு மொழி! எதிரணி கேட்கிற ‘பயன்படுத்துதல்’ இதற்கு மேல் என்ன வேண்டும்? சரி, 1940-ல் சென்னையில் ஓடிய அந்தத் தமிழ்ப் படத்தின் முழுப் பிரதி எங்கே? தேடித் தேடி ஆராய்ச்சியாளர்கள் கால் தேய்ந்தார்கள். கடைசியில் வரலாற்றாசிரியர் ஆ.இரா.வேங்கடாசலபதி — ஆமாம், வ.உ.சி.யைப் பற்றி எழுதி 2024-க்கான சாகித்ய அகாதமி பரிசு பெற்றாரே, அவர்தான் — அவருடைய தேடலில் அமெரிக்காவில் ஒரு பல்கலைக்கழகத்தில் கிடைத்தது. எது? ஆங்கில வடிவம். அதுவும் சுருக்கப்பட்டது. கோட்டையூர்ப் பிள்ளை தமிழில் செய்த படத்தை நாம் அமெரிக்காக்காரன் அலமாரியிலிருந்து ஆங்கிலத்தில் பார்க்க வேண்டியிருக்கிறது. ஊரெல்லாம் சாப்பிட்டார்கள், விதைநெல்லை யாரும் எடுத்து வைக்கவில்லை.

அந்த ஒரு படம் மட்டும்தானா? நடராஜ முதலியார் எடுத்த ‘கீசக வதம்’, தென்னிந்தியாவின் முதல் கதைப் படம். இல்லை. 1931-ல் வந்த முதல் தமிழ்ப் பேசும் படம் ‘காளிதாஸ்’. இல்லை. இந்தியாவின் முதல் பேசும் படம் ‘ஆலம் ஆரா’, அதே வருஷம். அதுவும் இல்லை. ஏன் இல்லை? அந்தக் காலத்துச் சுருள் நைட்ரேட் என்கிற சமாசாரம். தீக்குச்சிக்கு அக்கா. (சிரிப்பு) பற்றிக்கொண்டால் தண்ணீர் ஊற்றி அணைக்க முடியாது. எரிவதற்கு வேண்டிய பிராணவாயுவையும் தானே உற்பத்தி செய்துகொள்ளும். நம்ம தூத்துக்குடிக் கடலில் தூக்கிப் போட்டாலும் எரியும். 2003 ஜனவரியில் புனே நகரத்தில், பாதுகாத்து வைத்திருந்த நைட்ரேட் சுருள்களே தீப்பிடித்துப் போயின. எரிந்தது போக மீதி? சுருளில் படம் பதிகிறதே, அது வெள்ளி உப்பில்தான். படம் ஓடி முடிந்ததும் கிலோக் கணக்கில் வாங்கிக்கொண்டு போய், கழுவி உருக்கி வெள்ளி எடுத்தார்கள். எத்தனை கதாநாயகர்கள் வெள்ளித்திரையிலிருந்து வெள்ளிக் கொலுசுக்குப் போனார்களோ! (சிரிப்பு, கைதட்டல்)

இதற்கு நேர்மாறாக ஒன்று சொல்கிறேன். நம்ம பக்கத்து ஊர், நாகர்கோவில். அங்கே சுந்தர்ராஜ் என்பவர் 1933-ல் ‘மார்த்தாண்ட வர்மா’ என்று ஒரு மௌனப் படம் எடுத்தார். சி.வி.ராமன் பிள்ளை எழுதிய நாவல். நாவலின் உரிமை வைத்திருந்த புத்தகக் கம்பெனி வழக்குப் போட்டது. படம் சுருண்டது. சுந்தர்ராஜ் நஷ்டப்பட்டார். பிரதி புத்தகக் கம்பெனியிலேயே கிடந்தது. நாற்பது வருஷம் கழித்து, 1974-ல், புனேயில் இருந்த தேசியத் திரைப்படக் காப்பகத்துக்காக பி.கே.நாயர் அதைக் கண்டெடுத்தார். தென்னிந்தியாவில் எடுத்த மௌனப் படங்களில் ஏறக்குறைய இது ஒன்றுதான் மிஞ்சியது. ஓஹோ என்று ஓடிய படமெல்லாம் போய்விட்டது. ஓடாத படம் இருக்கிறது! வழக்கு என்பது குடும்பத்தைக் கெடுக்கும் என்பார்கள், இங்கே ஒரு படத்தை வாழ வைத்திருக்கிறது. அதற்காக எல்லோரும் கேஸ் போடுங்கள் என்று நான் சொல்லவில்லை, வக்கீல் அண்ணாச்சிமார் சந்தோஷப்பட வேண்டாம். (சிரிப்பு)

இன்னொன்று. 1998-ல் நான் முதன்முதலாகத் தொலைக்காட்சியில் பேசினேன். எந்தத் தொலைக்காட்சி என்பது வேண்டாம். ஊரில் அன்றைக்குக் கரண்ட் இல்லாமல் எங்க அம்மாவால் பார்க்க முடியவில்லை. ‘‘ஏலே, ஒரு காப்பி வாங்கிட்டு வாயேன்’’ என்றாள். போய்க் கேட்டேன். ‘‘சார், அந்த டேப்பு மேல சமையல் நிகழ்ச்சி பதிஞ்சிட்டோம்’’ என்றார்கள். டேப்பு விலை அதிகம், திரும்பத் திரும்பப் பதிவார்களாம். ஆக, நான் தொண்டை கிழியப் பேசின இடத்தில் இப்போது வத்தக்குழம்பு கொதித்துக்கொண்டிருக்கிறது. (பலத்த சிரிப்பு) எங்க அம்மா கடைசி வரைக்கும் அதைப் பார்க்கவில்லை.

சாதாரண வாத்தியார் பேச்சுதானே, போகட்டும். 1969 ஜூலையில் மனிதன் சந்திரனில் கால் வைத்தானே, அந்தக் காட்சி பூமிக்கு வந்தபோது பதிவான மூல டேப்புகளையே அழித்து வேறு வேலைக்குப் பயன்படுத்திவிட்டிருக்க வேண்டும் என்று அமெரிக்காவின் நாசா 2009-ல் சொன்னது. அவர்களுக்கும் டேப்பு பற்றாக்குறை! நாம் இன்று பார்ப்பது டி.வி. நிலையங்களில் ஒளிபரப்பான நகலிலிருந்து சீர் செய்தது. சகோதரி தலையாட்டுகிறார்கள், ‘‘பார்த்தீர்களா, ஒளிபரப்பினதால்தானே நகல் பிழைத்தது’’ என்று. நியாயம்தான், ஒப்புக்கொள்கிறேன். ஆனால் ஒளிபரப்பின நகலையும் ஒரு புண்ணியவான் அலமாரியில் எடுத்து வைத்தான் அம்மா. ஒளிபரப்பு காற்றோடு போய்விட்டது, நின்றது அலமாரி.

இப்போது நம்ம கடற்கரைக்கு வருவோம். கொற்கை முத்தைப் பற்றி நான் சொல்ல ஆரம்பித்தால் நடுவர் மணி அடித்துவிடுவார், ஆகவே சங்க காலத்தை விட்டுவிடுகிறேன். 1961-க்கு வருகிறேன். அந்த வருஷம் இரண்டு காரியம் நடந்தது. பந்துலு எடுத்த ‘கப்பலோட்டிய தமிழன்’ வெளியானது. அதே வருஷம், 1955-லிருந்து தொடர்ந்து நடந்து வந்த முத்துச் சிலாபம் தூத்துக்குடியில் கடைசித் தடவையாக நடந்தது. அதற்குப் பிறகு அரசாங்கம் முத்துக்குளிப்புக்குக் கடலைத் திறக்கவே இல்லை. பாரில் சிப்பி போதவில்லை.

வ.உ.சி. என்றதும் உங்கள் மனசில் யார் முகம் வருகிறது? நடிகர் திலகம் முகம். எனக்கும் அப்படித்தான். 1907-ல் இங்கே வந்த காலியா, லாவோ கப்பல்கள் என்றதும் படத்தில் வருகிற கப்பல்தான் நம் கண்ணில் மிதக்கிறது. அது தப்பில்லை. நடிப்பு நடிப்பு என்று நமக்குத் தெரியும். ஆபத்து எங்கே என்றால், நிஜம் என்று சொல்லிக்கொண்டு வேறு நிஜத்தைக் காட்டுகிறார்களே, அங்கே.

சில வருஷங்களுக்கு முன்னால் ஒரு கல்லூரியில் முத்துக்குளித்துறையைப் பற்றி ஒரு குறும்படம் போட்டார்கள். பழைய கறுப்பு வெள்ளைக் காட்சிகள், உருக்கமான இசை, ‘தூத்துக்குடியில் முத்துக்குளிப்பு’ என்று எழுத்து. மாணவர்கள் கை தட்டினார்கள். முன் வரிசையில் ஒரு பெரியவர், சங்கு குளித்தவர், கையைத் தூக்கினார். ‘‘அய்யா, இவுக நம்மாளுக இல்லய்யா’’ என்றார். எப்படித் தெரியும் என்று கேட்டோம். ‘‘மூக்குல பாருங்க, கவ்வி மாட்டியிருக்கான். நம்மாளு விரலாலதான்யா மூக்கப் பிடிப்பான். கல்லுல கால் வச்சு இறங்குவான், மூக்கப் பிடிச்சுக்குவான், அம்புட்டுதான். இந்தக் கவ்வி அரபுக்காரன் போடுறது’’ என்றார்.

யோசித்துப் பாருங்கள். அந்தக் காட்சி எங்கே எடுத்தது? பாரசீக வளைகுடாவாக இருக்கலாம். இலங்கைச் சிலாபத்துக்கும் அரபுக் குளியாட்கள் வருவார்கள், ஆகவே மன்னார்க் கடலின் அந்தக் கரையாகவும் இருக்கலாம். எது என்று சொல்ல, டப்பாவில் ஒரு துண்டுச் சீட்டு இருந்திருக்க வேண்டும். எந்தக் கடல், எந்த வருஷம், யார் எடுத்தது என்று ஒரு சீட்டு! சீட்டு போய்விட்டது, படம் அனாதையாகிவிட்டது. அனாதைப் படத்துக்கு யார் வேண்டுமானாலும் தகப்பன் பெயர் போட்டுவிடுகிறார்கள். எடுத்துக் காட்டினார்கள், சரி. என்னத்தைக் காட்டினார்கள்? (கைதட்டல்) காத்து வைப்பது என்றால் டப்பாவைப் பூட்டுவது மட்டும் என்று எதிரணி நினைக்கிறது. அந்தச் சீட்டை எழுதுவதும் அதில்தான் சேர்த்தி.

இன்னொரு கணக்கும் போட வேண்டியிருக்கிறது. கடைசிச் சிலாபத்தில் இருபது வயசில் குளித்தவர் இருந்தால், இன்றைக்கு எண்பதைத் தாண்டியிருப்பார். படத்தைப் பார்த்து ‘இது நம்ம தோணி, இது இன்ன பார், கயிறு பிடிக்கிறவன் எங்க சித்தப்பன்’ என்று சொல்ல அவர்களால்தான் முடியும். கம்ப்யூட்டர் இன்றைக்குக் கறுப்பு வெள்ளையைக் கலராக்குகிறது. பீட்டர் ஜாக்சன் 2018-ல் முதல் உலகப் போர்ச் சிப்பாய்களின் நூறு வருஷத்துப் பழைய மௌனக் காட்சிகளுக்கு வண்ணம் ஏற்றினார். உதட்டசைவைப் படிக்கத் தெரிந்தவர்களை வைத்து, அவர்கள் என்ன பேசினார்கள் என்று கண்டுபிடித்துக் குரலும் கொடுத்தார். அது பெரிய வித்தைதான். அந்த வித்தைக்கும் லண்டன் போர் அருங்காட்சியகத்தில் சுருள் பத்திரமாக இருந்தாக வேண்டியிருந்ததே!

நடுவர் மணியைத் தொட்டுவிட்டார், தெரிகிறது. இரண்டே நிமிஷம்.

இந்த ஊரில் பழைய ஏஜென்சி வீடுகள் இருக்கின்றன. தோணி முதலாளிகள் வீடு இருக்கிறது. கொழும்போடு வியாபாரம் செய்த குடும்பங்கள் இருக்கின்றன. அந்தக் காலத்தில் வெளிநாட்டிலிருந்து கையடக்கக் காமிரா வாங்கி வந்து கல்யாணம், கோயில் கொடை, மாதா கோயில் தேர், பாய் விரித்துப் போகிற தோணி என்று எட்டு மில்லிமீட்டர் சுருளில் எடுத்தவர் உங்கள் தாத்தாக்களில் ஒருத்தராவது இருப்பார். பாய்மரத் தோணி இன்றைக்கு உங்கள் பேரனுக்குக் காட்டக் கிடைக்காது. அந்தச் சுருள் தகர டப்பாவில், பரணில், ஓட்டுச் சூட்டில் வெந்துகொண்டிருக்கும்.

திறந்தால் வினிகர் வாடை அடிக்கும். ஊறுகாய் கெட்டுப்போச்சு என்று மதினி தூக்கி வெளியே போட்டுவிடுவார்கள், போட விடாதீர்கள். அந்த வாடை, சுருள் நோய்ப்பட்டிருக்கிறது என்பதற்கு அடையாளம். நல்ல சுருளோடு சேர்த்து வைத்தால் அதற்கும் ஒட்டும், ஆகவே தனியாகக் காற்றாட வையுங்கள். சூடில்லாத, ஈரமில்லாத இடமாகப் பாருங்கள். ஈரத் துணியால் துடைக்காதீர்கள். ஆசையாக இருக்கிறது என்று பழைய மிஷினைத் தூசி தட்டி ஓட்டிப் பார்க்காதீர்கள், ஒரே ஓட்டத்தில் கிழிந்துவிடும். தெரிந்தவர்களிடம் கொடுத்து ஸ்கேன் செய்யுங்கள். செய்த பிறகு ‘‘அதான் பென் டிரைவில் வந்தாச்சே’’ என்று சுருளைக் கடாசாதீர்கள். பிளாப்பியில் வைத்தது எங்கே? சி.டி.யில் வைத்தது எங்கே? அதைப் போடுகிற பெட்டியே இப்போது கடையில் லேசில் கிடைப்பதில்லை. சுருளை வெளிச்சத்துக்கு நேரே பிடித்தால், கரண்ட் இல்லாமலே உங்கள் பாட்டி தெரிவாள்.

டப்பா மேலே பேனாவால் எழுதி ஒட்டுங்கள். எந்த ஊர், எந்த வருஷம், யார் யார் நிற்கிறார்கள். வீட்டில் பெரியவர்கள் இருந்தால் இன்றைக்கு ராத்திரியே கேளுங்கள். நாளைக்குப் பேசிக்கொள்ளலாம் என்று படுக்காதீர்கள்.

மணி அடித்துவிட்டார். கூட்டம் முடிந்ததும் நான் மேடைக்குக் கிழக்கே, அந்தத் தென்னங்கீற்றுப் பந்தல் பக்கம் நிற்பேன். யாரிடமாவது டப்பா இருந்தால் வந்து சொல்லுங்கள், அண்ணாச்சி.  (பலத்த கைதட்டல்)